இலங்கையோடு எந்த நாட்டை வைத்துப் பார்ப்பது?

தங்கச்சியின் மகள் களுவாஞ்சிகுடியில் உயர்தரம் படிக்கிறாள், பாடங்களில் ஒன்று அரசியல் விஞ்ஞானம். பிரித்தானியர் ஆண்ட ஒரு நாடு எப்படித் தன்னைத்தானே ஆளும் நாடாக மாறியது என்று இலங்கையோடு ஒப்பிட்டு 12 பக்கம் எழுத வேண்டுமாம், பிறகு வகுப்பில் 20 நிமிடம் பேச வேண்டுமாம். நாட்டை அவர்களே தெரிவுசெய்யலாம். இந்தியா, கானா, மொரிசியஸ், மலாயா என்று 4 பெயரை ஒரு துண்டில் எழுதிக்கொண்டு போன கிழமை ஆரையம்பதிக்கு வந்து, "மாமா, இதுல எத எடுக்க?" என்று கேட்டாள். அன்று அரைகுறையாகத்தான் பதில் சொன்னேன். இந்தக் கேள்வியில் நிற்கிற பிள்ளைகள் இன்னும் பலர் இருப்பார்கள் என்பதால் ஆறுதலாக யோசித்ததை இங்கே எழுதுகிறேன்.

வழமையாகப் பிள்ளைகள் செய்கிற வேலை எனக்குத் தெரியும். நடுவில் ஒரு கோடு, இந்தப் பக்கம் 1948 பெப்ரவரி 4, அந்தப் பக்கம் வேறொரு திகதி, கீழே ஒற்றுமை ஐந்து வேற்றுமை ஐந்து. இதற்கு எந்த நாட்டை எடுத்தாலும் ஒன்றுதான், யோசிக்கவே தேவையில்லை.

நான் படுவான்கரையில் கொஞ்சம் வேளாண்மை செய்கிறவன். ஒவ்வொரு போகத்துக்கும் முன்னால் பயிர்ச்செய்கை ஆரம்பக் கூட்டம் நடக்கும், விதைப்புத் திகதி, தண்ணீர் திறக்கிற திகதி எல்லாம் அங்கேதான் தீர்மானமாகும். அந்தக் கூட்டங்களில் சில வருடம் குந்தியிருந்தவனுக்கு இரண்டு விஷயம் நன்றாக விளங்கும். இடாப்பில் பெயர் இல்லாதவன் எவ்வளவு கத்தினாலும் அது சத்தம்தான், வாக்கு ஆகாது. மற்றது, தீர்மானத்தை எவ்வளவு அழகாக எழுதினாலும், துருசின் (மதகின்) திறப்பு, அதாவது சாவி, யார் மடியில் இருக்கிறதோ அவனைப் பொறுத்துத்தான் கடைசி வயலுக்குத் தண்ணீர் போகும். ஒரு நாடு சுயாட்சி பெற்ற கதைக்கும் இந்த இரண்டையும்தான் கேட்கச் சொன்னேன். முதல் நாள் இடாப்பில் யாருடைய பெயர் இருந்தது? போனவன் எந்தத் திறப்பை மடியில் முடிந்துகொண்டு போனான்?

முதலில் நம் நாட்டையே கேட்போம், ஏனென்றால் ஒப்பீட்டின் ஒரு கால் இங்கேதான் ஊன்றியிருக்கிறது. கல்லடிப் பாலத்தின் பழைய பெயர் லேடி மன்னிங் பாலம். அந்தச் சீமாட்டியின் கணவர் தேசாதிபதியாக இருந்த காலத்தில் வந்ததுதான் 1920, 1924 மன்னிங் யாப்புச் சீர்திருத்தங்கள். யாப்பை எல்லாரும் மறந்துவிட்டோம், பாலம் மட்டும் ஞாபகத்தில் நிற்கிறது. பிறகு புது யாப்புக்கு யோசனை சொல்ல லண்டனிலிருந்து டொனமூர் ஆணைக்குழு வந்து, 1931இல் 21 வயதுக்கு மேற்பட்ட ஆண் பெண் எல்லாருக்கும் வாக்குரிமை கிடைத்தது. பிரித்தானியாவிலேயே பெண்கள் ஆண்களுக்குச் சமமாக வாக்களிக்கத் தொடங்கி அப்போது 3 வருடம்தான். யாழ்ப்பாணத்தில் இளைஞர் காங்கிரஸ் அந்தத் தேர்தலைப் பகிஷ்கரித்தது, மட்டக்களப்பு அதில் சேரவில்லை. மட்டக்களப்புத் தெற்கிலிருந்து போன மாக்கான் மாக்கார் போக்குவரத்து, மராமத்து அமைச்சராகவும் ஆனார். ஆக இடாப்பு பெரிதாகிவிட்டது. ஆனால் திறப்பு? அமைச்சர் சபையில் நம்மவர் 7 பேர் இருக்க, பக்கத்திலேயே பிரதம செயலாளர், நிதிச் செயலாளர், சட்டச் செயலாளர் என்று 3 வெள்ளைக்கார அதிகாரிகள் இருந்தார்கள். பாதுகாப்பு, வெளிவிவகாரம், கஜானா, நீதி எல்லாம் அந்த 3 பேரிடம்.

1944 கடைசியில் அடுத்த யாப்பைப் பற்றி விசாரிக்கச் சோல்பரி ஆணைக்குழு வந்தது. அமைச்சர்கள் ஏற்கெனவே ஒரு யாப்பு நகல் தயாரித்து வைத்திருந்தார்கள், அதை எழுதுவதில் டி. எஸ். சேனநாயக்காவுக்குக் கைகொடுத்தவர் இலங்கைப் பல்கலைக்கழகத்தின் முதல் உபவேந்தர் ஐவர் ஜெனிங்ஸ். இந்தப் பெயரை ஒரு மூலையில் குறித்து வையுங்கள், பிறகு தேவைப்படும். ஆசனத்தில் பாதி சிங்களவருக்கு, மற்றப் பாதி சிறுபான்மையினர் எல்லாருக்கும் என்று தமிழ்த் தலைவர் ஜி. ஜி. பொன்னம்பலம் கேட்ட ஐம்பதுக்கு ஐம்பதை ஆணைக்குழு ஏற்கவில்லை. அதற்குப் பதில் 75,000 பேருக்கு ஒரு ஆசனம், அதோடு 1,000 சதுர மைலுக்கும் ஒரு ஆசனம் என்று கணக்குப் போட்டார்கள், கிழக்கு மாதிரி ஆள் குறைந்து நிலம் கூடிய இடங்களுக்கு இது உதவியது. 1947 நவம்பரில் பாதுகாப்பு உடன்படிக்கை கையெழுத்தானது. 1948 பெப்ரவரி 4 கொடியேறியது. திருகோணமலைத் துறைமுகமும் கட்டுநாயக்க விமானத்தளமும் 1957 வரைக்கும் பிரித்தானியப் படையிடம் இருந்தன. மேன்முறையீடு 1971 வரைக்கும் லண்டன் பிரிவி கவுன்சிலுக்குப் போனது, குடியரசு ஆனது 1972 மே 22. எங்கள் பெத்தப்பாவிடம் சுதந்திர நாளைப் பற்றிக் கேட்டால் ஒரே பதில்தான் வரும்: "காசில ராசாட தலதானே இருந்திச்சி." மனிதர் சும்மா சொல்லவில்லை, 1957இல் அடித்த 2 சதக் காசில்கூட எலிசபெத் மகாராணியின் தலைதான்.

இடாப்பின் கதை இதைவிட மோசம். 1931இல் விரிந்த இடாப்பு சுதந்திரம் வந்த கையோடு சுருங்கியது. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டமும் அடுத்த வருடம் வந்த சட்டங்களும் மலையகத் தமிழர் சுமார் 7 இலட்சம் பேரை நாடற்றவர்களாகவும் வாக்கற்றவர்களாகவும் ஆக்கின. இதில் ஒரு கொடுமை இருக்கிறது, பிள்ளைகள் யாரும் எழுதிப் பார்த்ததில்லை: ஆசனம் பிரிக்கிற 75,000 கணக்கில் அந்த மக்களின் தலைகளும் எண்ணப்பட்டன. தலை எண்ணத் தேவை, வாக்குத் தேவையில்லை. அவர்களை எண்ணிப் பெருகிய மலைநாட்டு ஆசனங்களுக்கு மற்றவர்கள் வாக்களித்தார்கள்.

சரி, இப்போது 4 நாட்டையும் எடுப்போம்.

இந்தியாவை எடுக்க வேண்டாம். வகுப்பில் பாதிப் பேர் அதைத்தான் எடுப்பார்கள் என்பது ஒரு காரணம், பெரிய காரணம் அதுவல்ல. 1947 ஆகஸ்ட் 15க்கும் 1950 ஜனவரி 26க்கும் இடையில் இந்தியாவும் இலங்கை மாதிரி ஒரு டொமினியன்தான் (தன்னைத்தானே ஆண்டாலும் பிரித்தானிய முடியைத் தலையாக வைத்திருக்கிற நாடு), அதற்குள் தங்கள் அரசியலமைப்பைத் தங்கள் அரசியல் நிர்ணய சபையில் தாங்களே எழுதி முடித்தார்கள். பிரிவினை, 500க்கு மேற்பட்ட சமஸ்தானங்கள், காந்தி, நேரு, அம்பேத்கர் என்று ஒவ்வொன்றும் தனித்தனியே 12 பக்கம் கேட்கும். இலங்கையை அதன் பக்கத்தில் வைத்தால் மாவிலங்கத் துறையில் கட்டிய தோணியைக் கப்பலுக்குப் பக்கத்தில் வைத்த மாதிரி, கப்பல் மட்டும்தான் கண்ணுக்குத் தெரியும். ஒரே ஒரு இடத்தில் மட்டும் நாம் முந்தியவர்கள்: எல்லாருக்குமான வாக்குரிமையில் இந்தியா முதல் பொதுத் தேர்தல் நடத்தியது 1951–52இல், நாம் அதைக் கண்டு 20 வருடம் ஆகியிருந்தது. இந்த ஒரு வரியை எந்த நாட்டை எடுத்தாலும் முன்னுரையில் போடலாம்.

கானா வேறு மாதிரி. கதை என்று பார்த்தால் நான்கிலும் சிறந்தது இதுதான், வகுப்பில் ஒருவரும் தூங்க மாட்டார்கள். இலங்கையில் கொடியேறி 24ஆம் நாள், 1948 பெப்ரவரி 28, அப்போது தங்கக்கரை என்று பெயர்கொண்ட அந்த நாட்டின் அக்ரா நகரத்தில், இரண்டாம் உலகப் போரில் பிரித்தானியாவுக்காகச் சண்டை பிடித்து வந்த முன்னாள் படைவீரர்கள் மனுக் கொடுக்கத் தேசாதிபதியின் கோட்டைக்கு ஊர்வலமாகப் போனார்கள், வழியில் பொலிஸ் சுட்டதில் 3 பேர் இறந்தார்கள். ஊர் கலவரமானது. இறக்குமதிச் சாமான்களின் விலையேற்றத்தால் அதற்கு முந்தைய மாதமே மக்கள் கடைகளைப் பகிஷ்கரித்திருந்தார்கள், நோய் பிடித்தது என்று கொக்கோ மரங்களை அரசாங்கம் வெட்டச் சொன்னதால் கமக்காரரும் கொதித்துப்போய் இருந்தார்கள். தென்னைக்கு நோய் வந்தால் அதிகாரி வந்து வெட்டு என்று சொல்கிறபோது நமக்கு வயிறு எரியாதா? அதேதான்.

குவாமே நுக்ருமா 1949 ஜூனில் தனிக் கட்சி தொடங்கினார், 1950இல் சிறைக்குப் போனார், 1951 பெப்ரவரித் தேர்தலில் சிறைக்குள் இருந்தபடியே அக்ராவில் வென்றார். தேசாதிபதி ஆர்டன்-கிளார்க் அவரை வெளியே எடுத்து அரசாங்க அலுவல்களின் தலைவராக ஆக்கினார், அடுத்த வருடம் பிரதமர். 1957 மார்ச் 6 சுதந்திரம். சேனநாயக்காவின் வழியையும் நுக்ருமாவின் வழியையும் பக்கத்தில் வைத்தால், மேசையில் பேசி வாங்கியதற்கும் தெருவில் நின்று வாங்கியதற்கும் உள்ள வித்தியாசம் தெரியும் என்று மகள் சொன்னாள். உண்மை. ஆனால் அங்கேதான் நான் கொஞ்சம் தயங்குகிறேன், ஏனென்றால் அந்த வித்தியாசத்தை ஒரு பக்கத்திலேயே சொல்லி முடித்துவிடலாம். அசாந்திப் பகுதியினர் 1954இலிருந்து சமஷ்டி கேட்டதும், சுதந்திர யாப்பில் வைத்த பிராந்திய சபைகளை அரசாங்கம் கொஞ்ச நாளிலேயே ஒழித்ததும், 1958இல் தடுப்புக்காவல் சட்டம் வந்ததும், 1964இல் ஒரு கட்சி ஆட்சி, 1966இல் இராணுவப் புரட்சி என்று போனதும் கிழக்கு மாகாணத்துப் பிள்ளைக்கு நிறைய யோசனை தரும், அது வேறு தலைப்பு. இன்னொன்றும் இருக்கிறது. கானாவைப் பற்றித் தமிழில் வாசிக்கக் கிடைப்பது மிகக் குறைவு, ஆங்கிலத்தில் ஓடி வாசிக்கிற பிள்ளைக்கு மட்டும் அதைச் சொல்வேன்.

மொரிசியஸ் என் மனதுக்குப் பிடித்தது, அதை மறைக்கவில்லை. ரூபாய் நோட்டில் தமிழ் எழுத்து அச்சடிக்கிற சின்னத் தீவு அது. 1967 ஆகஸ்ட் தேர்தலில் சுதந்திரம் வேண்டும் என்ற கூட்டணிக்குக் கிட்டத்தட்ட 56 வீதம், எதிர்த்தவர்களுக்கு 44 வீதம், அதாவது நூற்றுக்கு 44 பேர் இப்போது வேண்டாம் என்று வாக்குப் போட்ட நாடு. சுதந்திர நாள் 1968 மார்ச் 12. அங்கேயும் சிறுபான்மைகள் "எண்ணிக்கையில் அமுங்கிப் போவோம்" என்று பயந்தார்கள், அதற்கு விடையாக, தேர்தலில் தோற்றவர்களில் நல்ல வாக்கு எடுத்தவர்களைச் சமூகக் கணக்குப் பார்த்து 8 ஆசனங்களில் அமர்த்துகிற முறையைக் கொண்டுவந்தார்கள். ஐம்பதுக்கு ஐம்பதின் தூரத்துச் சொந்தம் என்றே சொல்லலாம். இதில் ஒரு வினோதம், இந்தக் கணக்கில் தமிழருக்குத் தனிப் பெட்டி இல்லை, இந்துக்களோடு சேர்த்துத்தான் எண்ணுவார்கள்.

திறப்பு விஷயத்தில் மொரிசியஸை மிஞ்ச ஆள் இல்லை. சுதந்திரத்துக்கு 3 வருடம் முன்னால், 1965இல், பிரித்தானியா 30 இலட்சம் பவுண் கொடுத்துவிட்டு சாகோஸ் தீவுகளை அந்தக் குடியேற்ற நாட்டிலிருந்து வெட்டி எடுத்தது. டியேகோ கார்சியா அமெரிக்கத் தளமானது, அங்கே இருந்த மக்கள் அகற்றப்பட்டார்கள். அது சட்டப்படி முறையாக நடக்கவில்லை என்று சர்வதேச நீதிமன்றம் 2019இல் 13க்கு 1 என்று கருத்துச் சொன்னது, 2025 மே மாதத்தில்தான் தீவுகளைத் திருப்பிக் கொடுக்கிற உடன்படிக்கை கையெழுத்தானது, அதிலும் டியேகோ கார்சியா 99 வருடக் குத்தகை. நமக்குத் திருகோணமலை 9 வருடத்தில் திரும்பி வந்தது. இந்த இரண்டையும் பக்கத்தில் வைத்தால் நல்ல ஒரு அத்தியாயம் வரும். ஆனால் 12 பக்கத்துக்கு? மொரிசியஸின் கதையில் கரும்பு, பிரெஞ்சு முதலாளிகள், கிரியோல் மக்கள், போஜ்புரி பேசுவோர் என்று முதலில் விளங்கப்படுத்த வேண்டியவை மட்டுமே 4 பக்கம் தின்னும்.

மிச்சம் மலாயா, இப்போது மலேசியாவுக்குள் இருக்கிறது. நான் சொல்வது இதைத்தான்.

முதல் காரணம், மூலையில் குறித்து வைக்கச் சொன்ன அந்தப் பெயர். மலாயாவின் அரசியலமைப்பைத் தயாரிக்க 1956இல் வந்த ரீட் ஆணைக்குழுவின் 5 பேரில் ஒருவர் அதே ஐவர் ஜெனிங்ஸ். மற்றவர்கள் தலைவர் ரீட் பிரபு, ஆஸ்திரேலியர் ஒருவர், இந்திய நீதிபதி ஒருவர், பாகிஸ்தான் நீதிபதி ஒருவர். மலாயாக்காரர் ஒருவருமே இல்லை, அதையும் எழுதச் சொன்னேன். ஒரே ஆள் 10 வருட இடைவெளியில் இரண்டு நாட்டின் யாப்பில் கைவைத்திருக்கிறார், இரண்டிலும் தோட்டங்களுக்கு வந்த தமிழர், இரண்டிலும் பெரும்பான்மையின் பயம், சிறுபான்மையின் பயம். பரிசோதனைக்கூடத்தில் ஒரே மருந்தை இரண்டு குவளையில் விட்ட மாதிரி, இதைவிட வசதியான சோடி கிடைக்காது.

இரண்டாவது, இடாப்பு. மலாயாவில் 1955 தேர்தலில் வாக்காளரில் 84 வீதம் மலாய்க்காரர், சீனரும் இந்தியரும் பெரும்பாலும் இடாப்புக்கு வெளியே. அப்படியிருந்தும் துங்கு அப்துல் ரகுமானின் மலாய்க் கட்சி, சீனர் சங்கம், வீ. தி. சம்பந்தனின் மலாயா இந்தியர் காங்கிரஸ் மூன்றும் ஒரே கூட்டாகக் கேட்டு 52இல் 51 ஆசனம் எடுத்தன. பிறகு கொடுக்கல் வாங்கல் தொடங்கியது. 1957 ஆகஸ்ட் 31க்குப் பிறகு மலாயாவில் பிறக்கிற பிள்ளை எந்தச் சமூகமாக இருந்தாலும் பிரஜை, ஏற்கெனவே இருக்கிறவர்கள் குறிப்பிட்ட வருடங்கள் வாழ்ந்திருந்தால் பதிந்துகொள்ளலாம். அதற்கு விலையாக மலாய்க்காரரின் விசேட நிலையை 153ஆம் உறுப்புரையிலும் மலாய் தேசிய மொழி என்பதை 152ஆம் உறுப்புரையிலும் எழுதினார்கள். 15 வருடத்துக்குப் பிறகு விசேட நிலையை மீள்பரிசீலிக்க வேண்டும் என்று ஆணைக்குழு சொன்னது, கடைசி யாப்பில் அந்த வசனத்தைக் காணவில்லை.

இதை நல்லது என்று சொல்ல வரவில்லை. மலாய்க்காரருக்கும் சீனருக்கும் இடையில் 1969 மே 13 நடந்த கலவரம் எல்லாருக்கும் தெரியும், அங்கே இருக்கிற தமிழரைக் கேட்டால் அந்த 153 பற்றி நிறையச் சொல்வார்கள். நான் காட்ட வந்தது சண்டை நடந்த நேரம். மலாயாவில் யார் பிரஜை, எந்த மொழி, யாருக்கு முன்னுரிமை என்ற சண்டையைத் திறப்புக் கைமாறும் முன்னாலேயே மேசையில் போட்டு, வந்த தீர்ப்பை, அது நேரானதோ கோணலானதோ, எழுத்தில் போட்டுவிட்டார்கள். இலங்கையில் பிரஜை யார் என்பதைச் சுதந்திரத்துக்குப் பிறகு நாடாளுமன்றம் பார்த்துக்கொள்ளும் என்று விட்டார்கள், பார்த்துக்கொண்ட விதத்தை மேலே சொன்னேன். மொழியும் அப்படித்தான். 1944இல் ஜே. ஆர். ஜயவர்தன சிங்களத்தை அரசகரும மொழியாக்கப் பிரேரணை கொண்டுவந்தபோது, தமிழையும் சேர்க்க வேண்டும் என்று திருத்தம் கொண்டுவந்தவர் திருகோணமலை–மட்டக்களப்பு உறுப்பினர் வ. நல்லையா, நம் மண்ணின் ஆள். திருத்தம் ஏற்கப்பட்டது. ஆனால் சோல்பரி யாப்பில் அரசகரும மொழி பற்றி ஒரு வரி இல்லை. 29ஆம் பிரிவில் ஒரு சமூகத்துக்கு மட்டும் பாதகமாகச் சட்டம் செய்யக்கூடாது என்று இருந்தது, அந்த வேலி 1948இல் பிரஜாவுரிமைச் சட்டத்தையும் தடுக்கவில்லை, 1956இல் தனிச் சிங்களச் சட்டத்தையும் தடுக்கவில்லை.

மூன்றாவது காரணம் சில்லறை மாதிரித் தெரியும், ஆனால் அம்பாறை, மட்டக்களப்புப் பிள்ளைகளுக்கு இதுதான் கைக்கு எட்டுகிறது. சுயாட்சி கிடைத்த கையோடு அரசு செய்த முதல் பெரிய வேலைகளில் ஒன்று 1949இல் தொடங்கிய கல்லோயாத் திட்டம், இங்கினியாகலையில் அணை, சேனநாயக்க சமுத்திரம், குடியேற்றங்கள், கடைசியில் 1961இல் மட்டக்களப்பிலிருந்து அம்பாறை தனி மாவட்டமாகப் பிரிந்தது வரைக்கும். மலாயா சுதந்திரத்துக்கு ஒரு வருடம் முன்னால், 1956இல், பெல்டா என்ற காணிக் குடியேற்ற நிறுவனத்தைத் தொடங்கியது. புது அரசு கையில் வந்த திறப்பை முதலில் எந்தப் பூட்டில் போட்டுப் பார்த்தது என்று இரண்டு நாட்டிலும் பார்க்கலாம். அங்கேயும் காணிதான், இங்கேயும் காணிதான். இதற்கு நூலகம் தேவையில்லை, கல்முனைப் பக்கத்தில் கரும்பும் வயலும் தெரிந்த ஒரு கிழவரோடு ஒரு மணித்தியாலம் கதைத்தால் போதும்.

மலாயாவில் இருக்கிற ஒரு சிக்கலையும் சொல்ல வேண்டும். 1948 ஜூனில் தொடங்கி 1960 வரைக்கும் போன அவசரகாலம், கம்யூனிஸ்ட் கெரில்லாக்கள், புதிய கிராமங்கள் என்று சீன மக்களை வேலிக்குள் கொண்டுபோய் வைத்தது, இவையெல்லாம் உள்ளே வந்தால் 12 பக்கமும் போய்விடும். ஒரு பந்தியில் முடி, கம்யூனிஸ்ட்களோடு நடந்த பாலிங் பேச்சுவார்த்தையை விட்டுவிடு என்றேன். பிரித்தானியா ஏன் அவசரப்பட்டுக் கொடுத்தது என்று யாராவது கேட்டால் மட்டும் அந்தப் பந்தியை நீட்டலாம். பாதுகாப்பு உடன்படிக்கை அங்கேயும் 1957 ஒக்டோபரில் கையெழுத்தானது. திருகோணமலையைப் பிரித்தானியர் நம்மிடம் கையளித்ததும் அதே மாதம், ஒருவன் மடியிலிருந்து திறப்பு வெளியே வரும்போது அதே ஆள் இன்னொரு வீட்டில் திறப்பு வாங்கி மடியில் கட்டிக்கொள்கிறான். மகள் இதைக் கேட்டுச் சிரித்தாள், முதல் பக்கத்திலேயே போடுகிறேன் என்றாள்.

யாருக்கு எது என்று கேட்டால் என் கணக்கு இப்படி. மேடையில் பேசிக் கைதட்டு வாங்க வேண்டும், ஆங்கிலமும் ஓடும் என்றால் கானா. சர்வதேசச் சட்டம், தீவு, தளம் என்று ஆர்வம் உள்ள பிள்ளை மொரிசியஸ் எடுக்கலாம். இந்தியாவைத் தமிழில் புத்தகம் நிறைய இருக்கிறது என்ற ஒரே காரணத்துக்காக எடுக்கிறவர்கள், மலேசியத் தமிழர்களும் தங்கள் வரலாற்றைத் தமிழிலேயே நிறைய எழுதியிருக்கிறார்கள் என்பதை ஒருமுறை தேடிப் பார்க்கட்டும்.

திங்கட்கிழமை பட்டியல் கொடுக்க வேண்டுமாம். மகள் மலாயா என்றுதான் எழுதியிருக்கிறாள், பக்கத்தில் அடைப்புக்குள் சின்னதாக மொரிசியஸ் என்றும் எழுதியிருக்கிறாள், அந்த ரூபாய் நோட்டை விட மனமில்லை. "அடைப்ப வெட்டுவாங்க புள்ள" என்றேன். வெட்டினால் முன்னட்டையில் நோட்டின் படத்தையாவது ஒட்டுவேன் என்கிறாள்.